மைக் இல்லாமல் பாடிய மாப்பிள்ளை

இந்த நினைவு மலரைக் கையில் வைத்துக்கொண்டு மண்டபத்தில் உட்கார்ந்திருக்கும் சொந்தக்காரர்களுக்கும், ஃபின்லாந்து தேசத்திலிருந்து வந்து எங்கள் ஆரியசாலை வீட்டில் தங்கியிருக்கும் நண்பர்களுக்கும் என் வணக்கம். என் தங்கையின் கணவர், எங்கள் வீட்டு மாப்பிள்ளை அவர்கள், எங்களை விட்டுப் போய் ஒரு வருடம் ஆகிறது. அவர் ஆத்மா குளிர்ச்சியான இடத்தில் இருக்கட்டும். அவருக்குக் குளிர்தான் பிடிக்கும்.

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன். கட்டுரை எழுதிப் பழக்கமில்லை. "அண்ணே, அவரைப் பத்தி நீங்கதான் எழுதணும்" என்று தங்கச்சி சொன்னாள்.

"உன் புருஷனைப் பத்தி நல்லதா நாலு வார்த்தை என் வாயில வராதே."

"வர்றதை எழுதுங்க, போதும்" என்றாள்.

ஆகவே வருவதை எழுதுகிறேன். முதல் நான்கு பக்கங்களை மாப்பிள்ளையுடன் டிரம்ஸ் வாசித்த நண்பருக்குக் கொடுத்துவிட்டு, சொந்த மைத்துனனுக்கு ஐந்தாம் பக்கத்தில்தான் இடம் வைத்திருக்கிறார்கள் என்பதையும் நான் கவனிக்காமல் இல்லை.

மாப்பிள்ளை அவர்கள் பிறந்தது ஃபின்லாந்தின் கிழக்குப் பக்கத்தில், ஏரிக்கரை ஓரமாக ஒரு சின்ன ஊரில். தகப்பனார் காகித ஆலைத் தொழிலாளி. தாயார் பள்ளிக்கூடத்தில் சமையல் வேலை. மார்கழி மாதத்தில் அங்கே சூரியன் மத்தியானம் தலைகாட்டிவிட்டு உடனே திரும்பிப் போய்விடுமாம். பதினைந்து வயதில் மூன்று கூட்டாளிகளோடு சேர்ந்து, தொழிலாளர் சங்கக் கட்டடத்தின் நிலவறையில் கிட்டார் வாசித்துப் பழகினார். பதினெட்டு வயதில் முதல் இசைத்தட்டு வந்தது. ராக் என்றால் இங்கிலீஷில்தான் பாட வேண்டும் என்று பலரும் நினைத்த காலத்தில் இவர் தாய்மொழியில் பாடினார். ஊரெல்லாம் தெருப்பனியை அள்ளிவிட்டு, சொந்த வீட்டு வாசலை மட்டும் அள்ள மறந்துவிடுகிற ஒரு வண்டிக்காரரைப் பற்றி அவர் கட்டிய பாட்டு அந்தத் தேசம் முழுக்கப் பரவியது. பஸ்ஸில் பாடினார்கள், கல்யாணத்தில் பாடினார்கள், சின்னப் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் பாடினார்கள்.

அதே பதினைந்து வயதில் நான் சாலைக் கடைத்தெருவில் கோளாம்பி தூக்கிக்கொண்டிருந்தேன். கோளாம்பி என்றால் திருவிழாவுக்குத் தென்னை மரத்தில் ஏற்றிக் கட்டுகிற குழாய் ஸ்பீக்கர். அப்பா இறந்தபோது தங்கச்சிக்கு மூன்று வயது. அன்று முதல் மரம் ஏறியவன் நான். இருபத்திரண்டு வயதில் சொந்தமாக மைக் செட் போட்டேன். இன்று ஆற்றிங்கல் முதல் களியக்காவிளை வரை என் ஸ்பீக்கர் பெட்டி இறங்காத மைதானம் கிடையாது. எத்தனையோ மந்திரிமார் என் மைக்கில் பேசித்தான் மந்திரி ஆனார்கள். ஆனாலும் ஒன்று சொல்கிறேன். மாப்பிள்ளையைப் பார்த்து ஜனங்கள் கைதட்டினார்கள். என்னைப் பார்த்து ஜனங்கள் சவுண்டைக் குறைக்கச் சொன்னார்கள். நாற்பது வருடத் தொழிலில் எனக்குக் கிடைத்த வார்த்தை அதுதான்.

நான் படிக்காத படிப்பையெல்லாம் தங்கச்சியைப் படிக்கவைத்தேன். இன்ஜினியர் ஆகி, கழக்கூட்டத்தில் சாஃப்ட்வேர் ஆபீஸில் சேர்ந்தாள். கம்பெனி அவளை ஃபின்லாந்துக்கு அனுப்பியது. அந்த நேரம் மாப்பிள்ளைக்கு நல்ல காலம் இல்லை. இசைக்குழு உடைந்திருந்தது. தொண்டையில் ஆபரேஷன் ஆகியிருந்தது. குடிப்பழக்கமும் இருந்தது. இதை நான் மறைக்க வேண்டியதில்லை, அவரே மேடையில் சொல்லுவாராம். இரண்டு வருடம் பேக்கரி வண்டி ஓட்டி, ரொட்டி இறக்கி, குடியை விட்டு, ஒற்றைக் கிட்டாரோடு மறுபடி பாட வந்தார். கோடைக்காலத்தில் அங்கே ஏரிக்கரைகளில் மரத்தால் கட்டிய நடனக் கொட்டகைகள் உண்டு. அப்படி ஒரு கொட்டகையில் அவர் பாடும்போதுதான் தங்கச்சி அவரைப் பார்த்திருக்கிறாள்.

போனில் சொன்னாள்: "அண்ணே, எனக்கு ஒருத்தரைப் பிடிச்சிருக்கு. பாட்டுப் பாடுறவரு."

"என்ன பாட்டு?"

"ராக் பாட்டு."

"சரி, மைக் செட் யாரு?" என்றுதான் எனக்குக் கேட்கத் தோன்றியது. சாதி கேட்கவில்லை, சம்பளம் கேட்கவில்லை. அவள் சிரித்த சிரிப்பில், எல்லாம் முடிந்துபோன விஷயம் என்று புரிந்துகொண்டேன்.

கல்யாணம் எங்கள் தெரு அம்மன் கோயிலில்தான் நடந்தது. மாப்பிள்ளை ஆறடி மூன்று அங்குல உயரம். வேட்டி முழங்காலுக்குச் சற்றுக் கீழே நின்றது. அதிகம் பேசமாட்டார். ஆமாம் என்று சொல்வதற்குப் பதில் மூச்சைச் சட்டென்று உள்ளே இழுப்பார். அது அந்த ஊர் வழக்கமாம். அம்மா அதை இளைப்பு என்று நினைத்து மூன்று நாள் மிளகுக் கஷாயம் வைத்துக் கொடுத்தாள். அவரும் மறுக்காமல் குடித்தார். "இன்னும் கொஞ்சம் தரட்டா மாப்ள?" என்று அம்மா கேட்க, அவர் ஆமாம் என்று மூச்சை இழுக்க, "பாத்தியா, இன்னும் இளைக்குது" என்று அம்மா மறுபடியும் கொடுத்தாள்.

அம்மா அவருக்கு இடியாப்பத்தைப் பிய்த்துத் தேங்காய்ப்பால் ஊற்றிக் கையில் கொடுப்பாள். அந்த வீட்டைக் கட்டியவன் நான். எனக்கு இடியாப்பம் பிய்த்துப் போட்டதில்லை.

பத்து வருடத்துக்கு முன் தங்கச்சிக்குக் கழக்கூட்டத்துக்கே மாற்றல் கிடைத்தபோது மாப்பிள்ளையும் கூடவே வந்து தங்கிவிட்டார். வருடத்தில் கோடைக்கு மட்டும் போய் அங்கே பாடிவிட்டு வருவார். வெள்ளிக்கிழமை தோறும் ஆரியசாலை வீட்டுக்கு வருவார். ஒரு நாள் தம்பானூரில் ஆட்டோவில் ஏறினேன். நாற்பது வருடமாக நான் ஏறி இறங்குகிற இடம். ஓட்டுகிறவர் திரும்பிப் பார்த்து, "சாயிப்பின்டெ அளியன் அல்லே?" என்றார். வெள்ளைக்காரரின் மச்சான்தானே என்று அர்த்தம். என் பெயர் எழுதிய வண்டி தினமும் அந்த ஸ்டாண்டைத் தாண்டித்தான் போகிறது. நான் அளியன் ஆகிவிட்டேன். பாதி வழியில் இறங்கி நடந்தேன்.

இனி எழுதப்போவது தங்கச்சிக்குத் தெரியாது. புரூஃப் பார்க்கிறேன் என்று அச்சகத்தில் வாங்கி, இந்தப் பக்கத்தை அவள் கண்ணில் காட்டாமல் விட்டேன். உங்களோடு சேர்ந்து இப்போதுதான் வாசிப்பாள்.

மைக் செட்காரனுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஜனம் வருவதற்கு முன்னால் மைக்கைச் சோதித்துப் பார்க்க வேண்டும். ஹலோ, ஒன், டூ, த்ரீ என்று எல்லோரும் சொல்லுவார்கள். நான் அதோடு ஒரு பழைய பக்திப் பாட்டின் முதல் இரண்டு வரியைப் பாடுவேன். காலி நாற்காலிகளுக்கு முன்னால் எத்தனை ஆயிரம் தடவை பாடியிருப்பேன் என்று எனக்கே தெரியாது. குரல் நன்றாகவே இருக்கும். ஆட்கள் வரத் தொடங்கினால் நிறுத்திவிடுவேன்.

மாப்பிள்ளை இதைக் கேட்கவே நாலு மணிக்கு வந்துவிடுவார். எந்தக் கோயில், எந்த மைதானம் என்று என்னிடம் வேலை செய்யும் பையன்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டு வருவார். முதல் வரிசையில் இடது ஓர நாற்காலியில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொள்வார். சவுண்டில் குற்றம் கண்டுபிடிக்க வருகிறார் என்றே நான் நினைத்தேன். ஒரு நாள் பொறுக்காமல் கேட்டேன். "என்ன மாப்பிள்ளை, தினம் வர்றீங்க. என்ன குறை?"

தனக்குத் தெரிந்த தமிழில் அவர் மெல்லச் சொன்னார்: "அண்ணாச்சி, ரெண்டு வரி. அப்புறம் எங்கே? மிச்சப் பாட்டு எங்கே?"

ஒயர் சுற்றிக்கொண்டிருந்த ஆட்கள் கொல்லென்று சிரித்தார்கள். என்னைக் கேலி செய்கிறார் என்று எடுத்துக்கொண்டேன். ஒரு வாரம் அவரிடம் பேசவில்லை.

அந்த வருடம் அம்மன் கொடைத் திருவிழாவுக்குக் கோயில் கமிட்டி செயலாளர் நோட்டீஸ் கொண்டுவந்து காட்டினார். மூன்றாம் நாள் இரவு நிகழ்ச்சி, மாப்பிள்ளையின் பாட்டு. பெயர் கொட்டை எழுத்தில். அடியில், எறும்பு எழுத்தில், ஒலி ஒளி என்று என் பெயர்.

"முப்பது வருஷமா இந்தக் கோயில்ல நானும் பாடுதேன்" என்றேன்.

"நீங்க எங்க அண்ணாச்சி பாடுனீங்க? டெஸ்டிங்ல்லா பண்ணுவீங்க!" என்று அவர் சிரித்துக்கொண்டே போய்விட்டார். அவர் தப்பாகச் சொல்லவில்லை. அதுதான் என்னை அறுத்தது.

மூன்றாம் நாள் மாப்பிள்ளை மேடை ஏறினார். கூட்டம் நெருக்கியது. அம்மா முன்வரிசையில். அவர் கிட்டாரைத் தொட்டுப் பாட வாயைத் திறந்தார். நான் சத்தத்தைக் கூட்டிக் குறைக்கிற மிக்சரில் கையை வைத்து அவர் மைக் சத்தத்தையும் கிட்டார் சத்தத்தையும் அடியோடு இறக்கிவிட்டேன்.

"கரண்ட் லைன்ல ஏதோ கோளாறு!" என்று எழுந்து நின்று கத்தினேன். தலைக்கு மேலே இருநூறு டியூப் லைட் எரிந்துகொண்டிருந்தது.

வாழ்நாள் முழுக்க மேடையில் நின்றவருக்கு எது லைன் கோளாறு, எது கைக் கோளாறு என்று தெரியாதா? மிக்சரைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். சரி என்பதுபோல் மூச்சை ஒரு தடவை உள்ளே இழுத்தார். மைக் ஸ்டாண்டை ஓரமாக நகர்த்தி வைத்துவிட்டு, படி இறங்கி, நாற்காலிகளுக்கு நடுவில் வந்து நின்றார். அந்தப் பனிவண்டிப் பாட்டைப் பாடினார். பின்னால் இருந்தவர்கள் நாற்காலியை இழுத்துக்கொண்டு முன்னால் வந்தார்கள். கடலைக்காரர் வறுப்பதை நிறுத்தினார். அழுத குழந்தையை ஒரு பெண் வெளியே தூக்கிக்கொண்டு போனாள். எங்கள் கொடையில் அப்படி ஓர் அமைதியை நான் கேட்டதில்லை. என் பெட்டிகள் பதினாறும் சும்மா நின்றன.

மறுநாள் செயலாளர் வந்தார். "அண்ணாச்சி, மைக் காலை வாரிட்டே. அடுத்த வருஷம் வேற செட் பாக்கணுமோன்னு கமிட்டில பேச்சு" என்றார். நான் வாயைத் திறக்குமுன் பக்கத்தில் இடியாப்பம் சாப்பிட்டுக்கொண்டிருந்த மாப்பிள்ளை நிமிர்ந்தார்.

"மைக் நல்ல மைக். நான் வேண்டாம் சொன்னது. நான் சொல்லித்தான் அண்ணாச்சி நிறுத்தியது."

செயலாளர் போய்விட்டார். அந்த ஒரு பொய்யால் என் தொழில் மானம் நின்றது. நான் நன்றி சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. பாட்டில்தான் ஜெயித்தார் என்றால் குணத்திலுமா ஜெயிக்க வேண்டும் என்று எரிந்தது. அவர் அதைப் பற்றிக் கடைசிவரை யாரிடமும் மூச்சு விடவில்லை. அடுத்த வெள்ளிக்கிழமை நான் மைக் கட்டிய இடத்துக்கு நாலு மணிக்கு வழக்கம்போல் வந்து இடது ஓர நாற்காலியில் உட்கார்ந்தார்.

அம்மா போனபோது என்னைவிட அதிகமாக அழுதவர் அவர். அதிலும் எனக்குப் பொறாமைதான்.

பிறகு நுரையீரலில் நோய் கண்டது. கஷாயம் கொடுத்த அம்மாவுக்கு அன்றே தெரிந்துவிட்டதோ என்று இப்போது நினைத்துக்கொள்கிறேன். கடைசி மாதத்தில் மெல்லிய குரல்தான் மிச்சம் இருந்தது. ஆஸ்பத்திரியில் ஒரு மத்தியானம் தங்கச்சி மருந்து வாங்கப் போயிருந்தாள். என்னைக் கையசைத்துக் கிட்டே கூப்பிட்டார்.

"அண்ணாச்சி. மிச்சப் பாட்டு."

நான் அங்கே பாடியிருக்கலாம். கேட்க ஆள் ஒருவர்தான். "ஆஸ்பத்திரில பாடப்படாது மாப்பிள்ளை, நர்ஸ் திட்டும்" என்று சாக்குச் சொன்னேன். உண்மை வேறு. அந்தப் பாட்டின் மூன்றாவது வரி மேலே ஏறும். அங்கே என் குரல் ஏறுமா என்று எனக்குத் தெரியாது. ஊர் மைக்கையெல்லாம் சோதித்தவன் என் குரலை அந்த இடத்தில் சோதித்ததில்லை. ஒரு தேசத்தையே பாடவைத்தவர் முன்னால் அது உடைந்துபோனால் என்ன செய்வது என்று பயந்தேன். அவர் மூச்சை உள்ளே இழுத்தார். ஆமாம் என்றாரா, இளைப்பா என்று தெரியவில்லை. மூன்றாம் நாள் காலையில் போய்விட்டார்.

தைக்காட்டு மயானத்தில் கூட்டம் ரோடு வரை நின்றது. எனக்கு இத்தனை பேர் வருவார்களா என்று நான் தலைகளை எண்ணிக்கொண்டிருந்தேன். கேவலம்தான். ஆனாலும் எண்ணினேன். அஸ்தியில் பாதியைச் சங்குமுகத்தில் கரைத்தோம். மீதியைத் தங்கச்சி அவருடைய ஏரிக்குக் கொண்டுபோனாள்.

அவரைக் கவனித்துக்கொண்ட டாக்டர்களுக்கும் நர்ஸ் பிள்ளைகளுக்கும், இரவு பகல் பாராமல் வண்டி எடுத்த தம்பானூர் ஆட்டோக்காரர்களுக்கும், ஏரிக்கரையில் தங்கச்சிக்குத் துணை நின்ற அந்த ஊர்க்காரர்களுக்கும், மண்டபம் தந்த கோயில் கமிட்டிக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. அன்று எனக்காகப் பொய் சொன்ன மாப்பிள்ளைக்கும் இன்றுதான் நன்றி சொல்கிறேன். தங்கச்சி, என்னைத் திட்டுவதானால் கூட்டம் முடிந்த பிறகு திட்டு.

இந்த மண்டபத்தில் உட்கார்ந்திருக்கிற நீங்கள் நிமிர்ந்து மேடையைப் பாருங்கள். மைக் இல்லை. மைக் செட்காரன் வீட்டுக் காரியத்தில் மைக் இல்லையா என்று பேசிக்கொண்டிருப்பீர்கள். பெட்டிகள் எல்லாம் கிடங்கில் இருக்கின்றன. நான்தான் கொண்டுவரவில்லை.

முதலில் நான் பாடுவேன். முழுப் பாட்டும். மூன்றாவது வரியில் என்ன ஆகும் என்று இதை எழுதும்போதும் எனக்குத் தெரியாது. முதல் வரிசை இடது ஓர நாற்காலியை மட்டும் காலியாக விடுங்கள். மற்றவர்கள் நாற்காலியை இழுத்துக்கொண்டு கிட்டே வாருங்கள். தூரத்தில் இருந்தால் கேட்காது.