பட்டுப்புடவையும் நெத்திலியும்

சிதம்பரத்தில் கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்த எனக்கு 2006 வாக்கில் ஒரு கிறுக்குப் பிடித்தது. சொந்தமாக ஓர் ஆவணப்படம் எடுக்க வேண்டும். வீட்டில் சொன்னேன். "மாப்ள பொண்ணு இல்லாத கேசட்ட எவன் பாப்பான்?" என்றாள் என் மனைவி. நியாயமான கேள்விதான்.

கடலூர் துறைமுகத்தில் மீன் எடுத்து, பஸ்ஸில் வந்து, எங்கள் தெருவில் விற்கும் அக்காதான் படம். அவர் வாய்க்காகவே மீன் வாங்குகிறவர்கள் உண்டு. அவரும் சம்மதித்தார். "ஆனா மொதல்ல எனக்குப் போட்டுக் காட்டணும். புடிக்கலன்னா அழிச்சிடணும்" என்றார். நண்பரிடம் நல்ல கேமரா ஒன்றை இரவல் வாங்கினேன், ஒரே ஒரு நாளைக்கு. அன்று கிடைப்பதுதான் படம். இல்லையென்றால் ஆயுசுக்கும் கல்யாண மண்டபம்தான்.

விடிந்ததும் துறைமுகம் போனால், அரக்குப் பட்டுப்புடவை, தலை நிறையக் கனகாம்பரம், முன்னால் ஒரு கூடை நெத்திலி!

"என்னாக்கா இது? தெனம் கட்ற பொடவ எங்க?"

"தெனமுமா தம்பி என்னையப் படம் புடிக்கிறாங்க?"

கேமராவைத் தூக்கினால் அக்கா, மேடையில் மொய்க்கவர் கொடுக்க நிற்பவர்போல விறைத்துக்கொண்டார். "வணக்கம். நான் மீன் வியாபாரம் செய்கிறேன்" என்று செய்தி வாசித்தார். இறக்கினால் போதும், பஸ்ஸில் கண்டக்டரை வம்புக்கு இழுப்பார். தூக்கினால் மறுபடியும் வணக்கம். நாள் முழுக்க இப்படியே தூக்கினேன், இறக்கினேன், ஒவ்வொரு தடவையும் பொத்தானை அமுக்கினேன்.

சாயங்காலம் அக்கா வீட்டு டிவியில் கேமராவைச் செருகினேன். அவர் தெருப் பெண்கள் அத்தனை பேரும் கூடிவிட்டார்கள். திரையில் என் செருப்பு வந்தது. அப்புறம் பஸ்ஸின் தரை. கோணலாக ஒரு கூடை. வணக்கத்தைக் காணவே காணோம்.

கல்யாணத்தில் ஒருமுறை ஆன் செய்தால் தாலி ஏறும்வரை ஓடும், அதுதான் என் பழக்கம். இங்கே அமுக்கி அமுக்கி, எங்கேயோ ஓர் அமுக்கு தப்பி, தூக்கியபோது நிறுத்தியும் இறக்கியபோது ஓட்டியும் இருக்கிறேன்!

"என் மூஞ்சியே இல்லியே தம்பி?" என்றார் அக்கா.

"தப்பு பண்ணிட்டன்க்கா."

அதற்குள் டிவியிலிருந்து அக்காவின் குரல். எங்கள் தெரு வாத்தியாரிடம் பேசுகிறார்: "சார், நீங்க பாக்குற பார்வையிலயே மீனு வெந்துடும்போல. வாங்குறதுன்னா வாங்குங்க!" திரையில் மீன் அள்ளும் கையும், அரக்குக் கரையும், வாத்தியார் பின்வாங்கும் காலும் மட்டும்.

பெண்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ஒருத்தி என் முதுகிலேயே அடித்தாள். அக்கா மட்டும் சிரிக்கவில்லை. டிவியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"யாருடி இவ, இந்த வாயி பேசுறா?" என்றார் கடைசியில்.

"நீதான்டி!" என்றார்கள் எல்லாரும்.

நான் மெதுவாகக் கேட்டேன். "அழிச்சிடட்டுமாக்கா?"

"அழிச்சிப் பாரு, கைய ஒடிக்கிறேன். கண்டக்டருகிட்ட பேசுனது எங்க? அத போடு."

போட்டேன். மூன்று தடவை போட்டேன். நாலாவது தடவை சத்தத்தைக் குறைக்கச் சொல்லிவிட்டு, எழுந்து நின்று அக்காவே கண்டக்டராகவும் பேச ஆரம்பித்தார். நான் டிவியிலிருந்து கேமராவைப் பிடுங்கி அவர் பக்கம் திருப்பி, படம் ஓடுவதைக் காட்டும் சிவப்புப் புள்ளி தெரிகிறதா என்று இரண்டு தடவை பார்த்தேன்.