வாயிலோனைக் கொன்றவர்

அல்மிர் சர்மென்த்தோவுக்கு ரியோவின் வானொலி நாடகங்களில் பதினெட்டு வருடம் வில்லன் குரல்தான் பிழைப்பு. அம்மைத் தழும்பு முகத்தை யாரும் பார்க்க வேண்டியிருக்கவில்லை. பிறகு தொலைக்காட்சி வந்தது. முகத்தை வேண்டாமென்றார்கள், எழுத்தை எடுத்துக்கொண்டார்கள்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்து நான்கில் அவர் எழுதிய தொடரின் நாயகன் ஒரு டாக்டர். நடித்தவன் ரோமுலோ வலதாவோ, நாடே கொண்டாடிய அழகன். டாக்டர் குடியிருக்கும் கட்டடத்தின் வாயிலோன் செவெரினோ வேடத்தை அல்மிர் தனக்கென்று எழுதிக்கொண்டார். ஒரு வாரம் வந்து போக வேண்டிய வேடம். செவெரினோவின் குசும்புப் பேச்சு சனங்களுக்குப் பிடித்துப்போய், மூன்றே மாதத்தில் டாக்டரைவிட அவனுக்குத்தான் கடிதங்கள் குவிந்தன.

ரோமுலோவுக்கு வயிறு எரிந்தது. ஒத்திகையில் எல்லோர் முன்னாலும் கத்தினான்.

"எழுதுறவன் பேனாவோட நிறுத்திக்கணும்யா. இந்த மூஞ்சிய கேமரா முன்னாடி யாரு கூப்பிட்டது?"

"மூஞ்சி என்னோடதுதான். உன் வாயில வர்ற வார்த்தையும் என்னோடதுதான். அத மறந்துறாத" என்றார் அல்மிர்.

மறுநாளே தயாரிப்புத் தலைவி எல்வீரா அவரைக் கூப்பிட்டாள். "அவனா, நீயான்னு கேக்குறான் அல்மிர். நான் என்ன பண்ண? வர்ற வெள்ளிக்கிழமை செவெரினோ சாகணும்."

அல்மிர் வீட்டுக்குப் போய் எழுதினார்.

ரோமுலோ தன் வசனத்தை மட்டும்தான் படிப்பான் என்பது அவருக்குத் தெரியும். அன்று அவனுக்கு ஒரே வரி: "காலைல பாக்கலாம், செவெரினோ." விருந்துக்குப் புறப்பட்ட டாக்டர், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கூப்பிடும் வாயிலோனிடம் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி சொல்லிவிட்டுப் போக வேண்டும். சொன்னான், போனான். அவன் முதுகுக்குப் பின்னால், சாத்திய கதவை நகத்தால் பிறாண்டியபடி அல்மிர் இரண்டு நிமிடம் செத்தார். ரோமுலோ அதற்குள் ஒப்பனையைக் கலைக்கப் போய்விட்டிருந்தான்.

சனிக்கிழமை கோப்பகபானா தெருச் சந்தையில் பணியாரக்காரி ஒருத்தி அவனை மறித்தாள். "அடப்பாவி! ஒரு மனுசன் உசுருக்குத் துடிக்கிறான், நீ மணி பாக்குறியா? டாக்டராடா நீ?" ஈரத் துணியால் முகத்தில் ஒன்று வைத்தாள். சுற்றி நின்றவர்கள் கைதட்டினார்கள். அதன்பின் அவன் போன இடமெல்லாம் காறித் துப்பினார்கள். தொடர் இரண்டு மாதத்தில் படுத்தது.

அல்மிரைச் சந்தையில் அடி விழுந்த அன்றே துரத்தியிருந்தார்கள். வேறு எந்த நிலையமும் அவரைச் சேர்த்துக்கொள்ளாதபடி ரோமுலோ பார்த்துக்கொண்டான். அவர் திரும்பவும் வானொலிக்குப் போனார். கசப்பு இருந்தது. செய்ததற்கு வருத்தம் இருந்ததாக அவர் மனைவிகூடச் சொன்னதில்லை.

பதினோரு வருடம் கழித்து, தலை நரைத்து, வேடம் எதுவும் வராத ரோமுலோ புறநகர் மதுரேய்ராவிலிருந்த அவர் வீட்டு வாசலில் வந்து நின்றான். அல்மிர் உள்ளே வா என்று சொல்லவில்லை. ஒரு வாய் காப்பிகூட இல்லை.

"எனக்கு ஒரு மேடை நாடகம் எழுதிக் குடுங்க. அந்த சாவுக் காட்சிதான் நான் நல்லா நடிச்சதுன்னு இப்பவும் சொல்றாங்க."

"நீ எங்கப்பா நடிச்ச? பின்னாடி என்ன நடக்குதுன்னு உனக்குத் தெரியல. அதான் நல்லா வந்துச்சு."

"பழசையே பேசிக்கிட்டிருந்தா எப்படி?"

"உன் புண்ணியத்துல எனக்குப் புதுசுன்னு எதுவும் வரலியே."

கதவைச் சாத்தினார். மகிழ்ச்சியாக இருக்கும் என்று நினைத்திருந்தார். வாயில் பித்தம்தான் ஊறியது.

ரோமுலோ முந்திக்கொண்டு செத்தான். ஒரு பத்திரிகைக்காரர் தொலைபேசியில் அழைத்து, இறந்தவரைப் பற்றி இரண்டு வார்த்தை கேட்டார்.

"எழுதிக் குடுத்ததத் தப்பில்லாம பேசுவான்" என்று சொல்லிவிட்டு அல்மிர் தொலைபேசியை வைத்துவிட்டார்.