உசத்தி ரகம்

சாணைச் சக்கரத்தில் கம்பியின் நுனியை அழுத்திவிட்டு, ஒரு கண்ணைச் சுருக்கிக்கொண்டு பொறியைப் பார்க்கிறார். பொறி நீளமாக ஓடி அடங்கினால் கார்பன் குறைந்த சாதா எஃகு. பூப்பூவாக வெடித்தால் கார்பன் கூடியது. எஃகுக் கிடங்கில் இருபது வருடமாக விற்பனையைப் பார்க்கும் இந்த மனிதர், வாசலில் எத்தனை பட்டறைக்காரர்கள் நின்றாலும் அவசரப்படமாட்டார்.

"நல்ல இரும்பா குடுங்க" என்று யாராவது கேட்டுவிட்டால் போதும், பிடித்துக்கொள்வார். "நல்லதுன்னு தனியா ஒண்ணும் கிடையாதுங்க. என்ன வேலைக்குப் போகுது? சுத்துமா, தேயுமா, அடி வாங்குமா?" பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கப் போனால்கூட இத்தனை கேள்வி இருக்காது. கடைசிக் கேள்வியை மட்டும் இரண்டு முறை கேட்பார்: "வெல்டிங் வைப்பீங்களா?"

அந்தக் கேள்வி அவர் தங்கையின் கணவரால் வந்தது. அவர் வெல்டிங் பட்டறைக்காரர். பாரம் தூக்கும் கருவிக்குச் சட்டம் செய்ய, ஆறு வருடங்களுக்கு முன் சாதா எஃகு கேட்டு வந்தார். இவருக்கு மனசு கேட்கவில்லை. தங்கை வீடாயிற்றே! நிக்கலும் குரோமியமும் கலந்த உசத்தி ரகத்தை, சாதா விலைக்கே, வாயே திறக்காமல் வண்டியில் ஏற்றிவிட்டார். சாதா எஃகை அப்படியே பற்றவைக்கலாம். இதை முதலில் சூடேற்றாவிட்டால், பற்றின இடத்தோரம் உள்ளுக்குள் விரிசல் விடும். அது இவருக்குத் தெரியும். பாசத்தில் புத்தி வேலை செய்யவில்லை. மூன்றாம் வாரம் சட்டம் முறிந்து, தூக்கிய பாரம் மாப்பிள்ளையின் காலில் விழுந்தது.

"அவரு கேட்டதையே குடுத்திருந்தா இன்னிக்கு ரெண்டு கால்ல நடப்பாரு" என்று என்னிடம் சொன்னார். "ஊருக்கெல்லாம் சொல்லிடலாங்க. அவருகிட்டதான் வாய் வர மாட்டேங்குது." எனக்கு அவர்மேல் கோபமும் வந்தது, பாவமாகவும் இருந்தது.

போன வாரம் நான் கிடங்கில் இருந்தபோது மாப்பிள்ளையே ஊன்றுகோலுடன் வந்தார். பட்டறையை விற்கப் போகிறாராம்.

"ஏன் மாப்ள, இப்ப என்ன அவசரம்?"

"போதும் மச்சான். சாதா இரும்புக்கே ஒழுங்கா வெல்டிங் வைக்கத் தெரியாத கை இது. இன்னொருத்தர் காலையும் வாங்கணுமா?" கையை நீட்டிக் காட்டிச் சிரித்தார்.

இவர் உதடு பிரிந்தது. சொல்லிவிடுவார் என்றே நினைத்தேன். நீட்டிய அந்தக் கையைத் தன் இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டார். வெளியே லாரிக்காரர் இரண்டு முறை ஹாரன் அடித்தும் விடவில்லை.