கல்லறைக்குப் போன மாமி

தொண்ணூறுகளின் நடுவில் கனடாவில், ஸ்காபரோவில் நாங்கள் இருந்த அப்பார்ட்மென்டுக்குப் பின்னால் ஒரு பழைய தேவாலயம் இருந்தது. ஸ்கொட்லாந்திலிருந்து வந்து குடியேறியவர்கள் கட்டியது. அதன் கல்லறைகளில் இருந்த எழுத்துகள் மழையிலும் பனியிலும் அழிந்துகொண்டிருந்தன. அவற்றை வாசித்து எழுதிவைக்க ஆட்கள் தேவை என்று நூலகத்தில் அறிவித்தல் ஒட்டியிருந்தார்கள். நான் பெயர் கொடுத்தேன்.

வீட்டில் ஒரே சத்தம். பெண் சுடலைக்குப் போவதா? எங்கள் ஆட்கள் பனியில் கார் ஓடப் பழகிவிட்டார்கள், கோட்டுக்கு மேல் கோட்டுப் போடப் பழகிவிட்டார்கள், இது மட்டும் அவர்களுக்கு ஆகாது. ஊரில் அப்பாவைத் தூக்கிக்கொண்டு போனபோது என்னை ஒழுங்கை திரும்பும் முடக்கில் மறித்துத் திருப்பினார்கள். தம்பி போனான். மூத்த மகள் நான் போகக்கூடாதாம். அந்தக் கோபம் எனக்கு ஆறவே இல்லை.

மச்சாள், அதாவது கணவரின் அக்கா, எனக்கு ஃபோன் எடுத்தார். அவருடைய மகள் பெரியபிள்ளையாகி, சாமத்தியச் சடங்கு வைத்திருந்தார்கள். மாமி என்ற முறையில், இன்னொரு பெண்ணோடு சோடியாகத் தட்டைப் பிடித்துச் சுற்றி ஆலாத்தி எடுக்கவேண்டியவள் நான்.

"சுடலையில திரியிற ஆள் என்ர பிள்ளைக்கு ஆலாத்தி எடுக்கேலாது. ஒண்டில் உந்த வேலையை விடும், இல்லாட்டி வந்து சும்மா கதிரையில இரும்."

"ரெண்டையும் விடமாட்டன், மச்சாள்."

சடங்கன்று காலையும் போனேன். குளித்து வெளிக்கிட நேரம் இருக்கும் என்றுதான் நினைத்தேன். ஆனால் ஒரு கல் என்னை மறித்துவிட்டது. கணவனின் பெயர் தெளிவாக இருந்தது, மனைவியின் பெயர் தேய்ந்துபோயிருந்தது. அந்த ஆட்களின் வழக்கம் எனக்குப் பிடித்திருந்தது: செத்த பிறகும் மனைவி தன் தகப்பன் வீட்டுப் பெயரோடேயே கல்லில் இருப்பாள். பொறுப்பாக இருந்த வெள்ளைக்கார அம்மா, வாசிக்க முடியவில்லை என்று எழுதிவிட்டு அடுத்த கல்லுக்குப் போகலாம் என்றார். எனக்கு மனம் வரவில்லை. கைப்பையிலிருந்து பொட்டு வைக்கும் கண்ணாடியை எடுத்து, வெயிலைக் கல்லின் மேல் சாய்வாக விழுத்தினேன். பள்ளங்களில் நிழல் விழுந்தது. முகில் மூடினால் காத்திருந்து, விலகினால் ஒவ்வோர் எழுத்தாக நான் சொல்ல, அவர் எழுதினார். முழுப் பெயரும் வந்தபோது எனக்குக் குளிக்க நேரம் இல்லை.

நேரே சடங்கு நடந்த ஹோலுக்குப் போய் வாஷ்ரூமில் சேலை மாற்றினேன். ஆலாத்திக்குக் கூப்பிட்டதும் மேடையேறித் தட்டின் ஒரு பக்கத்தைப் பிடித்தேன். எனக்குச் சோடியாக வரவேண்டிய அன்ரி கதிரையை விட்டு எழும்பவில்லை. மச்சாள்தான் விறுவிறுவென்று வந்தார்.

"குளிச்சிட்டோ வந்தனீர்?" என்று பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டார்.

"இல்லை. சுடலையில இருந்து நேர வாறன். மற்றப் பக்கத்தைப் பிடியுங்கோ."

வீடியோக்காரர் லைட்டைப் போட்டார். சபை முழுக்க எங்களையே பார்த்தது.

மச்சாள் பிடித்தார்.