இடம்வலம் அக்கா

"எந்தக் கண்ணுன்னு எழுத மாட்டாராம். நான் என்ன ஜோசியமா பாக்குறேன்?" என்று கணினித் திரையைத் திட்டியபடியே தொலைபேசியைக் காதுக்கும் தோளுக்கும் நடுவே இடுக்கிக்கொள்கிறார் அக்கா. மறுமுனையில் மருத்துவர் எடுத்ததும் குரல் தேனாகிவிடுகிறது. "வணக்கம் டாக்டர். 'புரை அறுவை முன்பே நடந்தது'ன்னு எழுதியிருக்கீங்க. வலதா, இடதா, ரெண்டுமா? நெத்தியில மூணாவது இருந்தாலும் சொல்லிடுங்க, எழுதிக்கிறேன்."

கண் மருத்துவமனையின் மூன்றாவது மாடி. மருந்துக் கிடங்குக்கும் கழிப்பறைக்கும் நடுவே ஜன்னல் இல்லாத ஓர் அறை, ஐந்து மேசைகள். மருத்துவர்களின் குறிப்புகளைப் படித்து, அவற்றுக்குரிய குறியீட்டு எண்ணைப் பதிவதுதான் எங்கள் வேலை. அந்த எண்ணைப் பார்த்துத்தான் காப்பீட்டு நிறுவனம் அடுத்த சிகிச்சைக்குத் தலையாட்டும். அக்காவின் பங்குக்கு வருபவர்கள் கண்புரை எடுத்தவர்கள். வலது கண்ணில் எடுத்திருந்தால் எண் நாற்பத்தொன்றில் முடியும், இடது என்றால் நாற்பத்திரண்டில். அக்கா இந்த வேலைக்கு வந்து ஆறு வருடமாகிறது. அதற்கு முன்பு செருப்புக் கடையில் விற்பனை. "அங்கயும் இதே பொழப்புதான். ஒரு டப்பாவுல ரெண்டு இடது கால் வந்துடக் கூடாது."

வீட்டிலும் விட மாட்டார். லிஃப்ட் பழுது பார்க்கும் கணவர் முட்டி வலிக்கிறது என்றால், தைலத்தை எடுப்பதற்கு முன் "எந்த முட்டி?" என்பார். ஒருநாள் அந்த மனிதர் வெறுத்துப்போய், "மனசு சரியில்ல" என்றாராம். "அது ஒண்ணுதான் இருக்கு. கேள்வியில்ல" என்று விட்டுவிட்டாராம் அக்கா.

பழைய குறிப்பை அப்படியே நகலெடுத்து ஒட்டும் மருத்துவர்களைக் கண்டால் அவருக்கு ஆகாது. "புரையை எடுத்து லென்ஸ் வெச்சு மூணு வருஷமாச்சு. இவரு குறிப்புல மட்டும் அது இன்னும் செழிப்பா வளந்துக்கிட்டிருக்கு. நோயாளிக்குப் புரை போயிடுச்சு, டாக்டருக்கு வந்துடுச்சு!"

சென்ற செவ்வாய்க்கிழமை காலை ஒரு கோப்பு காப்பீட்டு நிறுவனத்திலிருந்து இரண்டாவது முறையாகத் திரும்பி வந்தது. அறுபத்தாறு வயதுத் தையல்காரம்மா ஒருவர். ஆறு வருடத்துக்கு முன் வலது கண்ணில் புரை எடுத்துக்கொண்டவர், இப்போது இடது கண்ணுக்கு நாள் கேட்டிருந்தார். அனுமதி இல்லை. இடது கண்ணில் ஏற்கெனவே புரை எடுத்தாயிற்று என்கிறதாம் பதிவு.

அக்காவுக்கு உற்சாகம் தாங்கவில்லை. "எந்த மகராசி பண்ண வேலை இது? ஒண்ணுக்கும் ரெண்டுக்கும் வித்தியாசம் தெரியாததையெல்லாம் கூட்டிட்டு வந்து உக்கார வெச்சா இப்படித்தான்" என்று அறை முழுக்கக் கேட்கும்படி சொல்லிக்கொண்டே பழைய பதிவைத் திறந்தார்.

பதிந்தவர் பெயர் அடியில் இருந்தது. அக்காவின் பெயர். வேலைக்குச் சேர்ந்த மூன்றாவது வாரம்.

பக்கத்து மேசையிலிருந்து நானும் பார்த்துவிட்டேன். கழிப்பறையில் யாரோ தண்ணீர் ஊற்றும் சத்தம் தெளிவாகக் கேட்டது.

எங்கள் பதிவுகளைச் சரிபார்க்கும் தணிக்கையாளர் நல்ல மனிதர். மெதுவாக அருகில் வந்தார். "திருத்தி அனுப்பிடுங்க அக்கா. கம்ப்யூட்டர் கோளாறுன்னு போட்டுக்கலாம். யாரு நோண்டப் போறா?"

"அது வாயில்லாத ஜீவன். அது தலையில ஏன் கட்டணும்?" என்ற அக்கா, திருத்தப் படிவத்தில் 'வலது கண்ணை இடது என்று நான் பதிந்தேன்' என்று தட்டினார். பழைய அறுவைக் குறிப்பையும் சேர்த்து அனுப்பினார். பிறகு காப்பீட்டு நிறுவனத்தை அழைத்து, காத்திருப்போருக்கான இசையை நாற்பது நிமிடம் கேட்டார். "இதை வாசிச்சவனுக்குக் காதுல ஆபரேஷன் பண்ணணும். ரெண்டு பக்கமும்." கடைசியில் ஒருவர் எடுத்தார். மாலைக்குள் சொல்கிறேன் என்றார்.

அதற்கு மேல் அக்காவால் உட்கார முடியவில்லை. தையல்காரம்மா கீழே கூடத்தில் பதிலுக்காகக் காத்திருக்கிறார் என்று தெரிந்ததும் படியிறங்கினார். நானும் போனேன்.

"அம்மா, உங்க ஆபரேஷன் தள்ளிப்போனது என்னாலதான். கண்ணை மாத்தி எழுதிட்டேன்."

தையல்காரம்மா தலையைச் சாய்த்து, நல்ல கண்ணால் அவரை அளந்தார். "ரெண்டு மாசமா ஊசியில நூல் கோக்க எதிர்வீட்டுக்காரி வாசல்ல போய் நிக்கிறேன். நூல் கோக்குறது அரை நிமிஷம், அவ நாத்தனார் கதை அரை மணி நேரம். அதுக்கு யாரு பதில் சொல்றது?"

அக்கா அவர் பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்தார்.

"நானும் ஒருத்தன் சட்டையில கையை மாத்தி வெச்சுத் தெச்சிருக்கேன்" என்றார் தையல்காரம்மா. "மறுநாளே வந்து கத்தினான். பிரிச்சுத் தெச்சுக் குடுத்தேன். நீ எப்பப் பிரிச்சுத் தைக்கப் போற?"

"பிரிச்சுட்டேன்மா. தையல் சாயங்காலத்துக்குள்ள முடிஞ்சிரும்."

நான்கு மணிக்கு அனுமதி வந்தது. வெள்ளிக்கிழமை அறுவை நடந்தது. கோப்பு அக்காவிடம்தான் வந்தது. மூன்று முறை படித்துவிட்டு, இப்போது இரண்டு கண்ணுக்கும் இரண்டு எண்களைப் பதிந்தார்.

பிறகு எழுந்து கதவோரப் பலகைக்குப் போனார். பிழையே இல்லாத பதிவாளர் என்று அங்கே அவர் படம், ஓரத்தில் தங்க நிற நட்சத்திரம். "ஒண்ணே ஒண்ணுதானே அக்கா, இருந்துட்டுப் போகட்டும்" என்றார் தணிக்கையாளர். அக்கா திரும்பவில்லை. நட்சத்திரத்தைப் பிடித்து இழுத்தார். பாதிதான் கிழிந்து வந்தது. மிச்சத்தை நகத்தால் சுரண்டத் தொடங்கினார்.