டோலரஸ் அக்கா நின்ற இடம்

தோசை ஊற்றிக்கொண்டிருந்தேன். போனைப் பார்த்த பேத்தி நிலா வந்து அடுப்பை அணைத்தாள். "பாட்டி, டோலரஸ் இஸ் கான், இறந்துட்டாங்க," என்றாள். அந்தத் தோசை கல்லிலேயே கிடந்தது.

நம்ம மில்பிடாஸ் ஊர் ஓடைக்கரைக்கு நடக்க வரும் உங்களுக்கெல்லாம் அவரைத் தெரியும். வெள்ளைச் சடை, ஆம்பளைச் செருப்பு, ஊருக்கே கேட்கிற சிரிப்பு. ஓலோனி இனத்துக்காரர். நாம் வீடு வாங்கிக் குடியிருக்கும் இந்த மண்ணுக்கு ஆதியிலிருந்து உரியவர்கள் அவர்கள்.

முதல் நாள் நான் கரையோரம் மணத்தக்காளிக் கீரை பறித்துக்கொண்டிருந்தேன். பின்னால் ஒரு குரல். "பாட்டி, பர்மிஷன் கேட்டீங்களான்னு ஆஸ்க் பண்றாங்க," என்றாள் நிலா. பார்க் ஆபீசர் என்று பயந்து, கீரையை முந்தானையில் மறைத்து, "ஸாரி, ஸாரி" என்றேன். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். ஆபீசில் இல்லையாம், செடியிடம் கேட்க வேண்டுமாம். துளசி பறிக்கும் முன் நாங்களும் மன்னிப்புக் கேட்போம் என்று நிலாவைச் சொல்லச் சொன்னேன். "அப்புறம் இந்தக் கீரை மட்டும் என்ன பாவம் பண்ணுச்சு?" என்று கேட்டார்.

ஐந்தாம் வகுப்போடு நின்றவள் நான். எங்கள் இருவர் பேச்சையும் நிலாதான் அங்கும் இங்கும் கொண்டுபோவாள். அதில் அவளை அடிக்க ஆளில்லை.

ஆடி அமாவாசைக்கு அக்காவை வீட்டுக்குக் கூப்பிட்டேன். படையல் இலையைப் பார்த்து, "உங்க அம்மாவுக்கு இவ்வளவு தூரம் வழி தெரியுமா, தங்கச்சி?" என்றார். கூப்பிட்டால் வருவார்கள் என்றேன். "எங்களவங்க இங்கயேதான் இருக்காங்க. என்னாலதான் போய்ப் பாக்க முடியல," என்றார்.

மறுநாள் எங்களை அழைத்துப்போனார். ஒரு கம்பெனியின் பார்க்கிங். ஓரத்தில் ஒரே ஒரு ஓக் மரம். அந்தத் தார்த் தரைக்கு அடியில்தான் அவர் அம்மா வழி ஆட்களைப் புதைத்திருக்கிறார்களாம். மரத்தடியில் கொஞ்சம் இடம் விட்டால் போதும் என்று பலமுறை கேட்டும் கம்பெனி இசையவில்லை. அவர் தன் பெயரையும் அம்மா பெயரையும் சொல்லிக் குனிந்து தாரைத் தொட்டார். செக்யூரிட்டி வந்து போகச் சொன்னான். காரில் ஏறியதும் அழுதார். பிள்ளை டெக்சாஸில் இருக்கிறான், வருவதில்லை. "எனக்கப்புறம் இங்க யாரு வந்து நிப்பா?" என்றார்.

நேற்று நிலாவைக் காரை எடுக்கச் சொல்லி அங்கே போனேன். மரத்தடியில் நின்று, நான் இன்னார் மகள், டோலரஸுக்குத் தங்கச்சி, உங்கள் இடத்துக்கு வந்திருக்கிறேன் என்று தமிழிலேயே சொன்னேன். கொண்டுபோன சோற்றில் ஒரு பிடி வைத்தேன். அதே செக்யூரிட்டி வந்தான். நிலா வாய் திறக்குமுன் நானே சொன்னேன்: "மை சிஸ்டர் ஹவுஸ்."

அவன் சோற்றைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், தள்ளிப்போய் நின்றுகொண்டான்.

அக்கா என்னிடம் விட்டுப்போனது அந்த மரத்தடி. எனக்குக் கால் நடக்கிறவரை நான் போய் நிற்பேன். திரும்பி வரும்போது, "நெக்ஸ்ட் டைம் நானும் பேர் சொல்றேன், பாட்டி," என்றாள் நிலா.