இரண்டு கார்டிலும் இல்லாத மாதங்கள்

நகரியில் எங்கள் தெருவில் யாரும் அரிசிக்காக ரேஷன் கார்டு வைத்திருக்கவில்லை. கடையில் போடும் அரிசியைச் சிலர் இட்லிக்கு ஊற வைப்பார்கள், சிலர் கோழிக்கு இறைப்பார்கள். கார்டைப் பீரோவில் துணிகளுக்கு அடியில் பத்திரமாக வைத்திருப்பது மற்றவற்றுக்காக. அது இருந்தால் பிள்ளைக்குக் காலேஜ் ஃபீஸ் கட்ட வேண்டாம், சிலிண்டர் இலவசமாக வரும், வயசானவர்களுக்குப் பென்ஷன் வரும், பெரிய ஆஸ்பத்திரியில் படுத்தால் பில் வராது. புத்தூரில் ஒரு ஸ்கேன் சென்டரில்கூடக் கார்டு ஜெராக்ஸ் கொடுத்தால் பாதிக் காசுதான் வாங்குவார்கள். என் மகன் டிப்ளமா படித்து முடித்தது அந்தக் கார்டில்தான். வீட்டுக்கு வர வேண்டியதெல்லாம் வந்துகொண்டிருந்ததால், அதில் என் பெயர் இல்லை என்பதை நான் மறந்தே போயிருந்தேன்.

இல்லாமல் போன காரணம் சின்னது. நான் பிறந்தது திருத்தணிக்குப் பக்கத்தில். பஸ் ஏறினால் சீக்கிரமே வந்துவிடும் ஊர்தான், ஆனால் நடுவில் தமிழ்நாடு முடிந்து ஆந்திரா வந்துவிடுகிறது. கல்யாணமாகி வந்த புதிதில் மாமியார், "அங்க பேர எடுத்துட்டு வா, இங்க சேர்த்துடலாம்" என்றார். அம்மாவிடம் சொன்னேன். "அடுத்த மாசம் பாக்கலாம்" என்றாள். நானும் வற்புறுத்தவில்லை. பிறகு மாமியார் காலமானார். கார்டு புதிதாக மாறியபோது கணவர் பெயரும் மகன் பெயரும் ஏறின. அந்தப் பக்கம் என் நைனாவும் போய்ச் சேர்ந்தார். அம்மாவின் கார்டில் அவளும் நானும் மட்டும் மிஞ்சினோம். நான் ஒரே பெண்.

எனக்கு உடம்பு கெட்டது நாற்பதைத் தாண்டியபிறகு. மாதத்தில் பாதி நாள் ரத்தப்போக்கு. ஊரில் ஒரு தனியார் பள்ளியில் தமிழ் எடுத்துக்கொண்டிருந்தேன். கரும்பலகையில் நாலு வரி எழுதிவிட்டு மேஜையைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். பிள்ளைகளுக்கு அது பழகிவிட்டது. நான் நின்றால் அவர்கள் சத்தம் போடாமல் எழுதுவார்கள். வீட்டில் உலை வைத்துவிட்டு அடுப்புக்குப் பக்கத்திலேயே தரையில் படுத்துவிடுவேன். இந்த வயதில் எல்லோருக்கும் வருவதுதான் என்று மற்ற டீச்சர்கள் சொன்னார்கள். நானும் அப்படியே நினைத்து ஒரு வருஷத்துக்கு மேல் ஓட்டினேன்.

ஒரு நாள் பிரேயரில் விழுந்தேன். அதற்குப் பிறகுதான் ஸ்கேன். கர்ப்பப்பையில் கட்டி, எடுத்துவிடுவது நல்லது, ரத்தமும் ரொம்பக் குறைவு என்றார் டாக்டரம்மா. திருப்பதியில் ஒரு பெரிய ஆஸ்பத்திரிக்கு எழுதிக் கொடுத்தார். "கார்டு இருக்குதில்ல? அப்ப பயப்பட ஒண்ணும் இல்ல" என்றார்.

கணவர் அலிபிரியில் மலைக்கு நடந்து போகிறவர்களுக்குச் சமைத்துப் போடும் ஒரு மெஸ்ஸில் சமையல்காரர். காலைச் சமையலை முடித்துவிட்டு, சட்டையில் தாளிப்பு வாசனையோடு நேராக ஆஸ்பத்திரி வாசலுக்கு வந்து நின்றார். கார்டு பார்க்கும் கவுண்டரில் இருந்த பெண் எங்கள் கார்டை வாங்கிக் கம்ப்யூட்டரில் தட்டினாள். திரும்பத் தட்டினாள்.

"அம்மா, மீ பேரு இந்துலோ லேதே" என்றாள். உங்கள் பெயர் இதில் இல்லையே என்று அவள் சாதாரணமாகத்தான் சொன்னாள். எனக்குத்தான் காது அடைத்தது.

"இவங்க என் சம்சாரம்தாம்மா" என்றார் கணவர்.

"அது சரி அண்ணா. கார்டுல இருக்கணும். சேர்த்துட்டு ரண்டி" என்று, சேர்த்துவிட்டு வரச் சொன்னாள்.

வெளியே வேப்பமரத்தடியில் உட்கார்ந்தோம். அவர் டீ வாங்கி வந்தார்.

"என் பேரு இருக்குது, பையன் பேரு இருக்குது. உன்னுது மட்டும் எப்படி உட்டுப் போச்சி?" என்றார்.

"உங்களுக்குத் தெரியாதா?"

"தெரியும். ஆனா இப்படி ஒண்ணு வரும்னு தோணல."

எனக்கும் தோன்றியிருக்கவில்லை. அவர்மேல் கோபப்படத் தெம்பும் இல்லை.

மறுநாள் சச்சிவாலயத்துக்குப் போனேன். ஊருக்கு ஊர் இருக்கும் அரசாங்க ஆபீசை நாங்கள் தெலுங்கில் அப்படித்தான் சொல்வோம். அங்கே இருந்தவர் என் ஆதார் எண்ணைப் போட்டதும் சிவப்பு எழுத்து வந்தது. தமிழ்நாட்டில் வேறொரு கார்டில் இருக்கிறேனாம். அங்கே நீக்கிவிட்டுச் சான்று கொண்டு வந்தால்தான் இங்கே ஏற்ற முடியும்.

திருத்தணிக்குப் பஸ் ஏறினேன். அம்மா வாசலில் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். என் முகத்தைப் பார்த்துவிட்டு, "இன்னா பாப்பா, இப்படி வெளுத்துப் போய்க்கினு இருக்க" என்றாள். சாப்பிட்டேன். சாப்பிட்ட பிறகு விஷயத்தைச் சொன்னேன். ஆபரேஷன் என்றதும் அழுதாள். பெயரை நீக்க வேண்டும் என்றதும் அழுகையை நிறுத்திவிட்டாள்.

"பேர எடுக்கறதா?"

"ஆமாம்மா. இங்க எடுத்தாத்தான் அங்க போடுவாங்க."

"உங்க நைனா செத்தப்பதான் பேர எடுத்தேன். அந்தாபீசுக்கு நாலு வாட்டி நடந்தேன். இப்ப உன் பேரயும் எடுக்கச் சொல்ற."

"செத்தவங்களுக்கு மட்டும் இல்லம்மா. கல்யாணம் ஆனவங்களுக்கும் எடுப்பாங்க."

"அரிசிக்குச் சொல்லல நானு. ஒருத்தி எவ்ளோ துன்னப் போறேன். கார்டுல நான் ஒண்டியா இருந்தா, நாளைக்கு எனக்கு ஒண்ணு ஆச்சின்னா யாருன்னு கேப்பாங்க?"

"என்னத்தான் கேப்பாங்க. போன்ல என் நம்பர்தான இருக்குது."

அம்மா கீரையை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். நான் பாயில் படுத்துத் தூங்கிவிட்டேன். எழுந்தபோது அம்மா நல்ல புடவை கட்டிக்கொண்டு, கார்டையும் ஆதாரையும் மஞ்சள் பையில் போட்டுக்கொண்டு என் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். "எழுந்திரு, ஆபீசு மூடிடப் போறான்" என்றாள்.

இ-சேவை மையத்தில் கம்ப்யூட்டர் முன்னால் இருந்த பெண்ணுக்கு என் மகன் வயதுதான் இருக்கும்.

"நீக்கறதுக்குக் காரணம் இன்னாம்மா? இறப்பா, திருமணமா?"

"கல்யாணம்" என்றாள் அம்மா.

"எப்ப ஆச்சி?"

"அது ஆவுது, இருவது வருசத்துக்கு மேல."

அந்தப் பெண் என்னை நிமிர்ந்து பார்த்தாள். சிரிக்கலாமா என்று யோசித்தது போல இருந்தது. சிரிக்கவில்லை. "இத்தினி நாளா எங்கம்மா இருந்தீங்க?" என்று மட்டும் கேட்டாள். நகரி என்றேன். "பக்கந்தான" என்றாள்.

அம்மாவின் போனுக்கு ஓ.டி.பி. எண் வந்தது. அதை அவள் ஒவ்வொன்றாகப் படித்துச் சொன்னாள். சில நாட்களில் என் பெயர் நீங்கியது.

அதோடு முடிந்தது என்று நினைத்துத்தான் சான்றை எடுத்துக்கொண்டு சச்சிவாலயத்துக்குப் போனேன். "இப்ப ஆப்ஷன் ஓபன்ல இல்ல மேடம்" என்றார் அங்கிருந்தவர். புதுப் பெயர் சேர்க்கும் வசதியை மேலே நிறுத்தி வைத்திருக்கிறார்களாம். எப்போது திறக்கும் என்று அவருக்குத் தெரியாது. நல்ல மனிதர். உட்காரச் சொல்லி ஃபேனைப் போட்டார். ஆனால் அவர் கையில் எதுவும் இல்லை.

அங்கேயும் நீங்கிவிட்டேன், இங்கேயும் ஏறவில்லை. அந்த மாதங்களைப் பற்றி விவரமாகச் சொல்ல எனக்கு அதிகம் நினைவில்லை. இரும்புச்சத்து மாத்திரை, கறுப்பாகப் போன மலம், பள்ளிக்கூடம், படுக்கை. லீவு போட்டால் சம்பளம் பிடிப்பார்கள் என்பதால் போய்க்கொண்டுதான் இருந்தேன். உட்கார்ந்தே பாடம் எடுக்க ஹெச்.எம். அனுமதி கொடுத்தார். சாயங்காலம் சச்சிவாலயத்தை எட்டிப் பார்ப்பேன். அவர் என்னைப் பார்த்ததுமே தலையை ஆட்டுவார். உள்ளே போகாமலே திரும்பிவிடுவேன்.

சித்தூரில் கலெக்டர் ஆபீசில் திங்கட்கிழமை மனு வாங்குவார்கள், அங்கே கொடுத்தால் நகரும் என்று யாரோ சொன்னார்கள். பள்ளிக்கு லீவு சொல்லிவிட்டுத் தனியாகப் போனேன். பஸ்ஸில் வழியெல்லாம் ஜன்னல் கம்பியில் தலையைச் சாய்த்துக்கொண்டே போனேன். அங்கே கூட்டம் வாசல்வரை இருந்தது. நிற்க முடியாமல் சுவரோரம் தரையில் உட்கார்ந்தேன். பக்கத்தில் ஒரு பெரியவர் துண்டை விரித்து உட்கார்ந்திருந்தார். வேலூர் எல்லையில் குடிபாலா என்ற ஊர்க்காரர். என் பேச்சைக் கேட்டதும் தமிழுக்கு மாறினார்.

"உனக்கு இன்னாம்மா?"

சொன்னேன்.

"என் மருமவளுக்கும் இதே கததான். வேலூர் பொண்ணு. குழந்தை பொறந்து நடக்கவே ஆரம்பிச்சிடுச்சி, இன்னும் கார்டுல ஏறல. நான் மாசாமாசம் வந்துக்கினுதான் இருக்கேன்."

"ஏதாவது சொன்னாங்களா?"

"பாக்கறோம்னு சொல்வாங்க. சொல்றதும் மரியாதையாத்தான் சொல்வாங்க."

பையிலிருந்து ஒரு வாழைப்பழத்தை எடுத்து எனக்குக் கொடுத்தார். சாப்பிட்டேன். என் முறை வந்தபோது அதிகாரியம்மா மனுவையும் ஸ்கேன் ரிப்போர்ட்டையும் படித்தார், என் கண் இமையைக் கீழே இழுத்துப் பார்க்காத குறை. "சூஸ்தாமம்மா" என்றார். பார்க்கிறோம் என்றுதான் அவரும் சொன்னார். பெரியவரைத் திரும்பிப் பார்த்தேன். அவர் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார்.

மனுவால் திறந்ததா, தானாகத் திறந்ததா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. மழை தொடங்கியிருந்த ஒரு நாள் வகுப்பில் இருக்கும்போது சச்சிவாலயத்திலிருந்து போன் வந்தது. "மேடம், ஓபன் ஆயிந்தி, சீக்கிரம் ரண்டி, மறுபடி மூடிட்டா எனக்குத் தெரியாது." சாக்பீஸ் தூளோடு போனேன். விரல் வைக்கும் கருவியில் கட்டைவிரல் பதியவில்லை. அவர் தன் கைக்குட்டையைக் கொடுத்தார். துடைத்துவிட்டு வைத்தேன். பதிந்தது. அங்கேயே பெஞ்சில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டு வீட்டுக்குப் போனேன். சந்தோஷம் என்று சொல்ல முடியாது. பஸ்ஸில் ரொம்ப நேரம் நின்று வந்தவளுக்கு உட்கார இடம் கிடைத்தது போல இருந்தது.

ஆபரேஷன் நன்றாகவே முடிந்தது. முதலில் ரத்தம் ஏற்றினார்கள், பிறகு செய்தார்கள். மாத்திரைக்கோ படுக்கைக்கோ யாரும் காசு கேட்கவில்லை. கவுண்டரில் அதே பெண்தான். கார்டைத் தட்டிப் பார்த்துவிட்டு, "ஹம்மய்யா, வந்துட்டீங்க" என்றாள், அப்பாடா என்பது போல. என்னை அவள் ஞாபகம் வைத்திருந்தது எனக்கு ஆச்சரியமாக இருந்தது.

அம்மா ரயிலில் வந்தாள். திருப்பதி ஸ்டேஷனிலிருந்து விசாரித்து விசாரித்து வார்டுக்கு வந்துவிட்டாள். இரவெல்லாம் என் கட்டிலுக்குக் கீழே பாய் போட்டுப் படுத்தாள். நோயாளிக்கு மட்டும்தான் சாப்பாடு. தட்டில் சோறு, பருப்பு, ஒரு முட்டை வரும். முட்டையைப் பாதியாக்கி அவளுக்குக் கொடுத்தால், "உனக்குத்தான் ரத்தம் இல்ல, நீ துன்னு" என்று திருப்பித் தருவாள். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டபிறகு சாப்பிடுவாள்.

வீட்டுக்குப் போகிற நாளுக்கு முந்தின நாள் என் தலையை வாரிக்கொண்டே கேட்டாள்.

"பாப்பா, இப்ப ஆபரேசன்தான் ஆயிடுச்சே."

"ஆமாம்மா."

"இனிமே உனக்கு இந்தக் கார்டு எதுக்கு? பேரத் திருப்பி நம்மளுதுல போட முடியாதா?"

அவள் விளையாட்டாகக் கேட்கவில்லை. தையல் வலிக்கும் என்பதால் சிரிக்காமல் இருக்க வயிற்றைப் பிடித்துக்கொண்டேன்.

"மறுபடியும் அலைய என்னால முடியாதும்மா."

"நீ அலைய வேணாம். நான் போறேன்."

"இங்கயே இருக்கட்டும்மா. விடு."

"சரி" என்றாள். சீப்பில் சிக்கிய முடியைச் சுருட்டிக் குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டு வந்து, பின்னலைத் தொடர்ந்தாள். எதிர்க்கட்டில் பெண்ணிடம், "என் பொண்ணு டீச்சரு" என்று அன்றைக்கு மூன்றாவது முறையாகச் சொன்னாள்.

டிஸ்சார்ஜ் ஆனதும் கணவர் எங்கள் இருவரையும் நகரி பஸ்ஸில் ஏற்றிவிட்டு அலிபிரிக்குப் போனார். கண்டக்டர் என் ஆதாரைப் பார்த்து இலவச டிக்கெட் கிழித்தார். அம்மாவுடையதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இது தமிழ்நாடு. காசு ஈயாலி" என்றார். அம்மா இடுப்புப் பையிலிருந்து சில்லறையை எண்ணாமலே எடுத்து நீட்டினாள். பிறகு என் பக்கம் சாய்ந்து, "உனக்கு வாங்கலியே, அதுக்கு இன்னா?" என்று விசாரித்தாள். இந்த ஊர்க்காரிகளுக்கு இலவசம் என்றேன். ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். நகரி வந்ததும், எனக்கு ரசம் வைத்துக் கொடுத்துவிட்டுச் சாயங்கால பஸ்ஸுக்கே கிளம்பிவிட்டாள்.

மறுமாதம் கடையில் அரிசி வாங்கிய அன்று போன் செய்தாள்.

"வாங்கிக்கினு வந்துட்டேன். உன் பேர எடுத்ததுலருந்து பை லேசாத்தான் இருக்குது. எங்கயும் எறக்கி வெக்காம வந்துட்டேன்."

"சாப்டியாம்மா?"

"இனிமேதான். நீ இன்னா பண்ற?"

படுத்திருக்கிறேன் என்றேன். "படு, படு" என்றாள். ஆனால் போனை வைக்கவில்லை. பக்கத்து வீட்டுக் கல்யாணம், குழாய்த் தண்ணீர், கடைக்காரன் வைத்திருக்கும் புது மெஷின் என்று சொல்லிக்கொண்டே போனாள். நான் ம் கொட்டிக்கொண்டே கிடந்தேன். எப்போது தூங்கினேன் என்று தெரியவில்லை.